பீச் வண்டியின் பேஸ் கிடார்

பிப்ரவரி 3, சனி

குக்கர் கேஸ்கட் வாங்கப் போன கடையில் நிற்கும்போது தெரியாத எண்ணிலிருந்து அழைப்பு. ஒரு இளம்பெண். பெயர் மிருதுளாவாம். 'நடைமேடை' ஆல்பம் உருவான கதையை ஆவணப்படமாக எடுக்கிறாளாம்.

"மின்தடை பேண்டோட பேஸ் கிடாரிஸ்ட் இளம்பரிதி சார்தானே?"

இருபத்தெட்டு வருஷம் கழித்து யாருக்கோ நினைவு வந்திருக்கிறது. ஆமாம் என்றேன்.

"டெரன்ஸ் சார்தான் நம்பர் குடுத்தார். 'மொதல்ல அவனப் பாரு, அவன் இல்லாம படம் இல்ல'ன்னு சொன்னார்."

அந்த இடத்திலேயே போனை வைத்திருக்க வேண்டும். வைக்கவில்லை. கேஸ்கட்டை அளவு தப்பாக வாங்கி வந்துவிட்டேன். சுகந்தி அதைக் குக்கர் மூடியில் பொருத்திப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், ஒன்றும் சொல்லவில்லை. சொல்லாமல் சொல்வதில் என் மனைவியை மிஞ்ச ஆள் கிடையாது.

பிப்ரவரி 4, ஞாயிறு

அந்தப் படம் எப்படியும் பொய் சொல்லும். உண்மை ஒரு இடத்திலாவது இருக்கட்டும். எழுதி வைக்கிறேன்.

நாங்கள் மூன்று பேர். டெரன்ஸ் கிடாரும் பாட்டும். பெரம்பூர் ரயில்வே குடியிருப்பில் வளர்ந்த ஆங்கிலோ-இந்தியன். கிடாரைத் தொட்டால் மூக்கால் முனக ஆரம்பித்துவிடுவான், அது அவனுக்கே தெரியாது. ரெக்கார்டிங்கில் எத்தனை முறை திட்டு வாங்கியிருக்கிறான். ஜாஃபர் டிரம்ஸ். இப்போது துபாயில் இருக்கிறான். நான் பேஸ் கிடார், பாட்டுக்கு அடியில் ஓடும் கனத்த ஒலி. தமிழில் ராக் பாடினால் சிரிப்பார்கள் என்று எல்லோரும் சொன்ன காலத்தில் பாடினோம்.

1996 மே மாதம் வடபழனியில் ஒரு ஸ்டூடியோவில் 'நடைமேடை'யைப் பதிவு செய்தோம். எட்டுப் பாட்டு. மற்ற ஏழையும் யாரும் நினைவில் வைத்திருக்கவில்லை. கடற்கரை ஸ்டேஷன் போகும் மின்ரயிலைப் பற்றிய 'பீச் வண்டி'யை மட்டும் இன்றைக்கும் தாம்பரம் லைனில் கல்லூரிப் பையன்கள் பெட்டியைத் தட்டிப் பாடுகிறார்கள். அந்தப் பாட்டு என்றால் என்ன? அதன் பேஸ்தான். சக்கரம் தண்டவாள இணைப்பைக் கடக்கும் சத்தம். அந்த மெட்டு பல்லாவரத்துக்கும் குரோம்பேட்டைக்கும் நடுவில் ஜன்னல் கம்பியில் விரலால் தட்டித் தட்டி நான் கண்டுபிடித்தது. டெரன்ஸே மறுக்க முடியாது.

கடைசி நாள் சாயங்காலம் அதை வாசித்தேன். மறுநாள் திருநெல்வேலியில் எனக்கு விரிவுரையாளர் நேர்காணல், ராத்திரி ரயிலைப் பிடிக்க வேண்டும். மூன்று டேக். மூன்றாவது முடிந்ததும் ஒலிப்பதிவாளர் கிருபாகரன் கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து, "போதும் தம்பி, கெளம்புங்க, நாங்க பாத்துக்கறோம்" என்றார். அவர் யாரையும் மூன்றே டேக்கில் விட்டவர் இல்லை.

கேசட் வந்தது. போட்டுக் கேட்டேன். என் பேஸை டெரன்ஸ் புதைத்துவிட்டிருந்தான். டிரம்ஸ் இருக்கிறது, அவன் கிடார் கத்துகிறது, என் பேஸ் மட்டும் தரைக்கு அடியில் எங்கோ உருளுகிறது. எந்த வாத்தியம் எவ்வளவு கேட்க வேண்டும் என்று முடிவு செய்யும் மிக்ஸிங்கில் உட்கார்ந்தது அவன்தான். நேராகப் பெரம்பூர் போய் அவன் அம்மா எதிரிலேயே கேட்டேன். கத்தினேன், மறைக்கவில்லை. அவன் வாயே திறக்கவில்லை. சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றான். குற்றவாளி அப்படித்தான் நிற்பான். அதோடு சரி. பேண்டை விட்டேன், அவனோடு பேச்சை விட்டேன். அடுத்த வருஷம் பேண்டே இல்லை.

பிப்ரவரி 10, சனி

பேஸ் கிடாரைப் பரணிலிருந்து இறக்கினேன். உறையில் பல்லி முட்டை ஓடு. புதுக் கம்பி மாட்டினேன். இத்தனை வருஷம் கழித்து நான் அந்த மெட்டை வாசிப்பதையும் படம் பிடிக்க வேண்டுமாம். வருஷா வருஷம் கல்லூரி விழாவில் பையன்கள் "சார், பீச் வண்டி சார்" என்று மொய்ப்பார்கள். மணிக்கட்டு வலி என்று தட்டிக்கழிப்பேன். உண்மையாகவே வலி உண்டு.

மாலை முழுக்க வாசித்தேன். ஒலிநாடாவோடு சேர்த்து வாசித்தால் ஒவ்வொரு முறையும் பாட்டு என்னை விட்டுவிட்டு முன்னால் ஓடுகிறது. காரணம் எனக்குத் தெரியும். மிக்ஸிங்கில் டெரன்ஸ் டேப்பின் வேகத்தைக் கூட்டியிருக்கிறான். வேகம் கூடினால் சுருதியும் ஏறும், அது முதலாண்டு மாணவனுக்கே தெரியும். கேட்கும்போது ஒரு மயிரிழை ஏறியே இருக்கிறது. நான் வாசித்தது நிதானமான வேகம். ஒரு இயற்பியல் பேராசிரியரை இதில் ஏமாற்ற முடியாது.

அடுக்களையிலிருந்து சுகந்தி: "நல்லாத்தான் இருக்கு. சிக்னலுக்கு நிக்கப்போற வண்டி மாதிரி."

அவளுக்கு இசை தெரியாது.

பிப்ரவரி 14, புதன்

கல்லூரித் துணை முதல்வர் பதவி என்னிடம் படித்தவனுக்குப் போய்விட்டது. கை குலுக்கினேன். இனிப்பை வாங்கிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டேன். எறும்பு வந்துவிட்டது.

பிப்ரவரி 18, ஞாயிறு

மிருதுளா வீட்டுக்கு வந்தாள். முப்பது வயது இருக்கும். கேமராவோடு இன்னொருவன். என் நாற்காலியை ஜன்னலருகே நகர்த்தினார்கள், பின்னால் இருந்த காலண்டரைக் கழற்றினார்கள். சுகந்தி காபி கொடுத்து, "இவரு பேசினா நிறுத்த மாட்டாரு, கேசட் எத்தன கொண்டாந்திருக்கீங்க?" என்றாள். இப்போது கேசட் எல்லாம் கிடையாது என்று அவளுக்குத் தெரியும். என்னைக் குத்த வேண்டும், அவ்வளவுதான்.

நன்றாகத்தான் கேட்டாள் அந்தப் பெண். விவரம் தெரிந்தவள். மூல டேப்புகள் ஸ்டூடியோ முதலாளி வீட்டுக் கிடங்கில் அகப்பட்டனவாம். சென்னை ஈரத்தில் பசை பிடித்து ஒட்டிக்கொண்டிருந்ததை மும்பைக்கு அனுப்பி, அடுப்பில் இளஞ்சூட்டில் வாட்டி, மறுபடி ஓடவைத்திருக்கிறார்கள். ஒவ்வொரு வாத்தியமும் தனித்தனித் தடத்தில் பத்திரமாக இருக்கிறதாம்.

"அப்போ பேஸ் தடமும் இருக்கும்" என்றேன்.

"இருக்கு சார்."

"கன்சோல்ல மத்த வாத்தியத்தோட சத்தத்தயெல்லாம் இறக்கிட்டு அத மட்டும் தனியாப் போடுவீங்க இல்ல? இந்த மாதிரிப் படத்துல அதுதானே முக்கியமான சீன்."

அவள் காபி டம்ளரைக் கீழே வைத்தாள். "மத்த பாட்டுக்கெல்லாம் போடறோம் சார். பீச் வண்டிக்கு மட்டும் பேஸத் தனியாப் போட வேணாம்னு டெரன்ஸ் சார் கேட்டுக்கிட்டார்."

"ஏன்?"

"காரணம் சொல்லல சார்."

காரணம் நான் சொல்கிறேன். தனியாகப் போட்டால் ஊருக்கே தெரிந்துவிடும், அந்தப் பாட்டில் எது உயிர் என்று. இருபத்தெட்டு வருஷம் முன்னால் புதைத்தவன் இப்போது ஆஸ்திரேலியாவில் உட்கார்ந்துகொண்டு மேலே மண்ணைத் தள்ளுகிறான்.

நீட்டிய ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடவில்லை. "என் பேஸத் தனியாப் போடணும். நான் பக்கத்துல உக்காந்திருக்கணும். அவனும் உக்காந்திருக்கணும். இல்லேன்னா இன்னிக்கு எடுத்ததை எல்லாம் அழிச்சுடு" என்றேன்.

"சார், கோவப்படாதீங்க..."

"இது கோவம் இல்லம்மா. கோவம் வேற."

பிப்ரவரி 19, திங்கள்

காரணம் சொல்லவில்லையாம்!

பிப்ரவரி 25, ஞாயிறு

விடைத்தாள் திருத்த வேண்டும். திருத்தவில்லை. யூட்யூபில் இந்த வகைப் படங்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அநேகமாக எல்லாவற்றையும் முன்பே பார்த்தாயிற்று. உலகப் புகழ் பெற்ற ஆல்பங்கள் எப்படி உருவாயின என்ற கதைகள். எல்லாம் ஒரே அச்சு. முதலில் பழைய கறுப்புவெள்ளைப் படம், ஒல்லியாக நாலு பேர். அப்புறம் அதே நாலு பேர் தொப்பையோடு தனித்தனி சோபாவில். ஒருவன் "அது மாயம்" என்பான், இன்னொருவன் "அவன் ஸ்டூடியோவுக்கே வரல" என்பான். கடைசியில் கிழட்டு ஒலிப்பதிவாளர் கன்சோல் முன்னால் உட்கார்ந்து மற்ற வாத்தியங்களை இறக்கிவிட்டு ஒன்றை மட்டும் ஏற்றுவார். அதை வாசித்தவன் கண்ணை மூடித் தலையை ஆட்டுவான். அந்த இடத்துக்காகத்தான் ஜனங்கள் பார்க்கிறார்கள். அவ்வளவு காலம் கழித்து ஒருவனுடைய வேலை மட்டும் தனியாக, யாருடைய சத்தமும் குறுக்கே வராமல் கேட்கிறது.

சுகந்தி பின்னால் வந்து நின்றாள். "இதே ஆள் போன வாரமும் கண்ண மூடிக்கிட்டிருந்தாரே. இன்னுமா தொறக்கல?"

"உனக்குப் புரியாது."

"புரியுது. நீங்க அந்த நாற்காலியில உக்காந்து கண்ண மூடணும். மூடிக்கோங்க, யாரு வேணாம்னா? தண்ணி லாரிக்கு போன் பண்ணிட்டு மூடுங்க."

மார்ச் 2, சனி

மிருதுளா அழைத்தாள். டெரன்ஸ் ஒப்புக்கொண்டான். நேரில் வருகிறானாம்.

"என்ன சொன்னான்?"

"மொதல்ல வேணாம்னுதான் சார் சொன்னார். அப்புறம், 'அவன் கேட்டே ஆகணும்னா கேக்கட்டும்'னார்."

தோற்றவன் பேச்சு. கையெழுத்துப் போட்டு அனுப்பிவிட்டேன். விரல் நுனி தடித்துவிட்டது. வேகம் மட்டும் இன்னும் கூடி வரவில்லை. டேப்பின் குற்றத்துக்கு என் விரல் என்ன செய்யும்.

மார்ச் 9, சனி

சாலிகிராமத்தில் ஒரு ஸ்டூடியோ. சலவை செய்த வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு போனேன். கேமராவில் வெள்ளை பளீரென்று எரியும் என்று சொல்லி யாரோ ஒருவனுடைய நீலச் சட்டையைக் கொடுத்தார்கள். அதில் அவன் வியர்வை.

டெரன்ஸ் முன்னமே வந்திருந்தான். தலையில் ஒரு முடி இல்லை. காலில் மட்டும் அந்தக் காலத்து மாதிரியே பூட்ஸ். எழுந்து வந்து கையை நீட்டினான். நீட்டிய கையைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுத்தான் பிடித்தேன்.

"கெழவனாயிட்ட மேன்" என்றான்.

"நீ என்ன, வழுக்கையில குமரனா?"

சிரித்தான். நான் சிரிக்கவில்லை.

கிருபாகரன் எழுபதைத் தாண்டிவிட்டார். என்னைக் கண்டதும் எழுந்து என் தோளைத் தொட்டார். கன்சோல் முன்னால் மூன்று நாற்காலி, நடுவில் அவர். கேமரா ஓடியது. உட்கார்ந்ததுமே டேப்பின் வேகத்தைப் பற்றிக் கேட்டுவிட்டேன். படத்தில் இருக்கட்டும் என்று.

"வேகமா? மாத்தலையே தம்பி" என்றார். டேப்பின் ஆரம்பத்தில், பாட்டு வரும் முன், சுருதி சேர்க்க அவர் பதிந்த ஒற்றை ஒலி இருந்தது. அதை ஓடவிட்டு, சட்டைப் பையிலிருந்து சுருதிக் கவையை எடுத்துத் தட்டிப் பக்கத்தில் பிடித்தார். இரண்டும் ஒன்றாக நின்றன. நடுவில் துளி பேதம் இல்லை. ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை.

சரி, பழைய டேப், அடுப்பில் வேறு வாட்டியிருக்கிறார்கள், என்று நினைத்துக்கொண்டேன்.

முதலில் முழுப் பாட்டும் போனது. டெரன்ஸின் குரல் பையன் குரலாக இருந்தது. அப்புறம் கிருபாகரன் குரலை இறக்கினார். கிடாரை இறக்கினார். டிரம்ஸின் மேல் கையை வைத்தவர் நிறுத்தினார்.

"தம்பி, முழுசாக் கேட்டா போதாதா? தனியாப் போட்டா எந்த வாத்தியமும் அம்மணமாத்தான் நிக்கும்."

"நிக்கட்டும் சார்" என்றேன்.

டெரன்ஸ் முன்னால் குனிந்தான். "பரி. வேணாம் மேன். சொன்னாக் கேளு."

"இருபத்தெட்டு வருஷம் நீ சொன்னதத்தான்டா ஊர் கேட்டுது. இன்னிக்கு நான் கேக்கறேன். போடுங்க சார்."

டிரம்ஸ் இறங்கியது. பேஸ் மட்டும் ஏறியது.

என் மெட்டு. ஒரு சுரம் மாறவில்லை. பல்லாவரம், குரோம்பேட்டை, தடதட தடதட. ஒரு இடத்தில்கூடப் பிசகாமல், வண்டி ஓடுகிற வேகத்தில் ஓடியது. ஒவ்வொரு சுரத்தின் தலையிலும் குண்டூசி விழுகிற மாதிரி ஒரு 'டிக்'. டிரம்ஸோடு கேட்டால் அது தெரியாது. விரலுக்குப் பதில் பிடித்து மீட்டும் பிளாஸ்டிக் வில்லை, பிக், கம்பியைத் தட்டும் சத்தம். நான் இரண்டு விரலால் வாசிக்கிறவன். பிக்கை நான் தொட்டதே இல்லை. அப்புறம், ஒலிவாங்கிக்கு எட்டியும் எட்டாமலும், மூக்கால் முனகும் ஒரு குரல்.

மிருதுளா கேமராவுக்குப் பின்னாலிருந்து, "சார், அந்த ஹம்மிங் நீங்களா? எவ்ளோ அழகா இருக்கு!" என்றாள்.

நான் வாயைத் திறக்கும் முன் டெரன்ஸ் பேசிவிட்டான். "அது நான்மா. பக்கத்துல நின்னு இவனுக்குத் தாளம் குடுத்துட்டிருந்தேன். அன்னிக்கு இவன் கையில பிக்கத் திணிச்சதும் நான்தான். வேணாம் வேணாம்னான். ஊர் போற அவசரத்துல இந்த மாதிரி ஒரு வாசிப்பு வாசிச்சுட்டுப் போனான் பாரு! நம்ம ஊர்ல எவனும் இப்படி வாசிச்சதில்ல."

கிருபாகரன் கன்சோலின் தூசியை விரலால் துடைத்துக்கொண்டிருந்தார். கேமரா என் பக்கம் திரும்பியது.

நான் தலையசைத்தேனா என்று நினைவில்லை.

மார்ச் 10, ஞாயிறு

தண்ணி லாரி வந்தது. மோட்டாரில் காற்று அடைத்துக்கொண்டது. மதியம் வரை அதோடு போயிற்று.

மார்ச் 12, செவ்வாய்

சனிக்கிழமை நடந்ததில் மிச்சத்தையும் எழுதிவிடுகிறேன்.

வெளியே வந்து வண்டி நிறுத்துமிடத்தில் செருப்பை மாட்டிக்கொண்டிருந்தேன். பூட்ஸ் சத்தம் பின்னாலேயே வந்தது.

"பரி, நில்லு மேன்."

"எப்போடா வாசிச்ச?"

"நீ ரயிலேறின ராத்திரியே."

"என் மூணு டேக்கு?"

பூட்ஸ் நுனியால் தரையைக் கிளறினான். பிறகு, "உன் மனசு அன்னிக்கு இன்டர்வியூல இருந்துது" என்றான். "ஜாஃபர் தாளம் ஒரு பக்கம் போகுது, உன் பேஸ் ஒரு பக்கம் போகுது. மறுநாள் ஸ்டூடியோ கெடயாது. உன்னக் கூப்பிட்டா உன் வேலை போயிடும். மெட்டு உன்னுதுதான்டா. கை மட்டும்தான் என்னுது."

"அப்புறம் ஏன்டா புதைச்ச?"

"மேல வெச்சா பிக் சத்தம் கேக்கும். மொத தடவ கேட்ட ஒடனே உனக்குத் தெரிஞ்சுடும்."

அவனை அடித்திருப்பேன். ஐம்பத்து மூன்று வயதில், யாரோ ஒருவன் சட்டையில், வண்டி நிறுத்துமிடத்தில். எனக்குப் பிச்சை போட்டிருக்கிறான். நான் கேட்காத பிச்சை. அதை என் சொத்து என்று நம்பி, அவனை வைது வைதே இத்தனை வருஷம் அதற்குக் காவல் இருந்திருக்கிறேன்.

"உங்க வீட்ல வந்து கத்தினேனே, அப்ப சொல்லியிருக்கலாமேடா!"

"சொல்லலாம்னு வாய் வரைக்கும் வந்துச்சு" என்றான். "நீ கத்தல மேன். அழுதிட்டிருந்த. எங்கம்மா உனக்குத் தண்ணி குடுத்தாங்க. அப்போ எப்பட்றா சொல்றது?"

அவன் அம்மா தண்ணீர் கொடுத்ததாக எனக்கு நினைவில்லை. எவர்சில்வர் டம்ளர், அடியில் பெயர் வெட்டியிருக்கும். நினைவில்லை.

மார்ச் 15, வெள்ளி

மிருதுளா அந்தக் காட்சியை அனுப்பினாள். "சார், படத்தோட பெஸ்ட் மொமென்ட் இதுதான். உங்க முகத்தப் பாருங்க" என்று ஒரு குறிப்பு.

பார்த்தேன். டெரன்ஸ் பொய் சொல்லி முடித்ததும் நீலச் சட்டைக்காரன் ஒருவன் கண்ணை மூடுகிறான். மெதுவாகத் தலையை ஆட்டுகிறான். அந்த மற்றப் படங்களில் வருகிற ஆட்களைப் போலவே.

சுகந்தி தோளுக்கு மேலாகப் பார்த்தாள். போனை என் கையிலிருந்து வாங்கி மறுபடி ஒரு முறை ஓடவிட்டாள். "இது நீங்க வாசிச்சது இல்லயே" என்றாள்.

"உனக்கு எப்படித் தெரியும்?"

"ஒரு மாசமாத் தெனம் கேக்கறேனே."

மார்ச் 17, ஞாயிறு

மிருதுளாவை வரச் சொன்னேன். வந்தாள். காலண்டரை நானே கழற்றி வைத்திருந்தேன். என்னுடைய வெள்ளைச் சட்டையிலேயே உட்கார்ந்தேன். எரிந்தால் எரியட்டும்.

கேமராவைப் பார்த்துச் சொன்னேன். பீச் வண்டியின் பேஸ் மெட்டு என்னுடையது. அந்த டேப்பில் அதை வாசித்திருப்பது டெரன்ஸ். நான் வாசித்தது தாளத்தில் நிற்கவில்லை, அழித்துவிட்டார்கள். பிறகு பேஸ் கிடாரை எடுத்து என் வேகத்தில் ஒரு முறை வாசித்துக் காட்டினேன். சிக்னலுக்கு நிற்கப்போகிற வண்டிதான். இரண்டு இடத்தில் தடுக்கியது. மறுபடி எடுக்கலாமா என்றாள். வேண்டாம் என்றேன்.

அவள் கேமராவை அணைத்தாள். "சார், இத வெளிய விட்டா... உங்க ஸ்டூடண்ட்ஸ் எல்லாரும்..."

"தெரியும்."

"டெரன்ஸ் சார் சம்மதிக்க மாட்டார்."

"அவன் சம்மதத்த யார் கேட்டா? ஆனா ஒரு நிபந்தனை இருக்கும்மா. எழுதிக்கோ. அந்த இடத்துல பேஸை நல்லா ஏத்தி வைக்கணும். தியேட்டர் நாற்காலி அதிரணும். ஒரு நூல்கூடக் குறைக்கக் கூடாது. குறைச்சேன்னு தெரிஞ்சுது, உன் ஆபீஸுக்கே வந்து கத்துவேன்."

சரி சார், சரி சார் என்றாள். பயந்துவிட்டாள் போலிருக்கிறது. பயப்படட்டும்.

சாயங்காலம் சரியான அளவில் கேஸ்கட் வாங்கி வந்தேன். அதற்குள் டெரன்ஸுக்குச் செய்தி போய்விட்டது. மூன்று முறை அழைத்தான். எடுக்கவில்லை. பிறகு குரல் செய்தி அனுப்பினான். சுகந்தி அடுக்களையிலிருந்தே கேட்கும் அளவுக்குக் கத்தினான்: "டேய் பரி! இத்தன வருஷம் பொத்திப் பொத்தி வெச்சத, யாரக் கேட்டு மேன் போட்டு ஒடச்ச? அது உன்னுது மட்டுமாடா? நான் குடுத்ததுடா அது! போன எட்றா!"

இதை எழுதும்போதும் போன் மேசையில் அதிர்ந்துகொண்டிருக்கிறது. எடுக்கப் போவதில்லை. கொஞ்ச காலம் அவனும் கோபமாக இருந்து பார்க்கட்டும்.